ஒரே நாளில் ராக்கி மலை ஏரிகளும் அத்தபாஸ்கா பனியாறும்: கைடுடன் போகும் சுற்றுலாவுக்குப் படிப்படியான கையேடு

கனடாவின் ஆல்பர்ட்டா மாகாணத்தில், பான்ஃப் ஊரில் காலையில் வண்டி ஏறி, லேக் லூயிஸ், போ ஏரி, பீட்டோ ஏரி மூன்றையும் பார்த்து, அத்தபாஸ்கா பனியாற்றின் மேல் நின்றுவிட்டு, மாலையில் ஊர் திரும்பும் ஒருநாள் பயணத்துக்கான கையேடு இது. பனியாறு என்று இங்கே சொல்வது கிளேசியரை. புதிதாக வருபவர்களுக்கு இந்த நாள் கெட்டுப்போவது பெரும்பாலும் வீட்டிலிருந்து பதிவு செய்யும்போதுதான். அதனால் கீழே பாதி, கிளம்புவதற்கு முன் செய்ய வேண்டியவை. வரிசையை மாற்றாமல் செய்யுங்கள்.

1. மாதத்தை முதலில் முடிவு செய்யுங்கள்

படங்களில் பார்க்கும் அந்தப் பச்சை கலந்த நீலம் வருடம் முழுக்க இருக்காது. பனியாறு நகரும்போது அடியில் இருக்கும் பாறையை அரைத்துக்கொண்டே வரும். மாவைவிட நைசான அந்தப் பாறைத்தூள் உருகுநீரோடு ஏரியில் கலந்து, சீக்கிரம் அடியில் படியாமல் நீரிலேயே மிதக்கும். அதில் பட்டுச் சிதறும் ஒளிதான் நம் கண்ணுக்கு நிறமாகத் தெரிகிறது. கரையில் குனிந்து ஒரு கண்ணாடிக் குவளையில் அள்ளிப் பாருங்கள். நீலமெல்லாம் இருக்காது; கழுநீரில் நிறையத் தண்ணீர் விட்டது போல லேசான கலங்கல் மட்டும் தெரியும். அந்தக் கலங்கல் சேர வேண்டுமென்றால் மேலே பனியாறு உருகத் தொடங்கியிருக்க வேண்டும்.

லேக் லூயிஸில் சாதாரணமாக ஜூன் முதல் வாரம் வரை பனிக்கட்டி மிதக்கும். இன்னும் உயரத்தில் இருக்கும் போ ஏரியும் பீட்டோ ஏரியும் ஜூன் நடுப்பகுதி வரைகூட உறைந்தே கிடக்கும். பள்ளி விடுமுறையை நம்பி மே மாதம் வருபவர்கள் வெள்ளைத் தரையைப் பார்த்துவிட்டுத் திரும்புகிறார்கள். அடிக்கடி நடக்கும் ஏமாற்றம் இதுதான்.

ஜூன் கடைசியிலிருந்து செப்டம்பர் நடு வரை நல்ல காலம். அதிலும் செப்டம்பர் முதல் இரண்டு வாரம்தான் முதல் தேர்வு. நிறம் குறையாது, கூட்டம் இறங்கியிருக்கும். ஜூலை, ஆகஸ்டில் காட்டுத்தீ புகை மலையை மறைக்கும் நாட்களும் வரும். செப்டம்பர் கடைசியில் லார்ச் என்னும் ஊசியிலை மரங்கள் பொன்னிறமாகும். அப்போது கூட்டம் மறுபடி ஏறும்.

2. முந்தின இரவு எங்கே தூங்குவது

கால்கரியில் விமானம் இறங்கி, மறுநாள் அங்கிருந்தே சுற்றுலா கிளம்பலாம் என்று பலர் பதிவு செய்கிறார்கள். தூரத்தைக் கூட்டிப் பாருங்கள். கால்கரியிலிருந்து பான்ஃப் சுமார் 130 கிலோமீட்டர். பான்ஃபிலிருந்து பனியாறு சுமார் 190 கிலோமீட்டர். போக மட்டும் 320, திரும்ப அதே அளவு. எட்டு மணி நேரத்துக்கு மேல் பஸ் இருக்கையிலேயே போய்விடும். மீதி நேரத்தில் ஒவ்வொரு ஏரிக்கும் பதினைந்து நிமிடம்தான் கிடைக்கும்.

பான்ஃபிலோ லேக் லூயிஸ் கிராமத்திலோ ஓர் இரவு தங்குங்கள். வாடகை கைக்கு எட்டாவிட்டால் கான்மோர் ஊரைப் பாருங்கள். பான்ஃபுக்கு 25 கிலோமீட்டர் முன்னால், பான்ஃப் தேசியப் பூங்காவின் எல்லைக்கு வெளியே இருக்கிறது. பல சுற்றுலா வண்டிகள் அங்கேயும் வந்து ஏற்றிக்கொள்கின்றன.

உயரத்தை நினைத்துப் பயப்பட வேண்டாம். இந்தச் சாலையின் மிக உயரமான இடமான போ சம்மிட் 2,069 மீட்டர். ஊட்டி அதைவிட உயரம். ஊட்டியில் மூச்சு வாங்காதவர்களுக்கு இங்கேயும் வாங்காது.

3. மொரெய்ன் ஏரியை இதே நாளில் சேர்க்காதீர்கள்

லேக் லூயிஸுக்குப் பக்கத்தில் இருக்கும் மொரெய்ன் ஏரிக்கு 2023 முதல் சொந்தக் கார்களுக்கு அனுமதி இல்லை. தேசியப் பூங்காக்களை நடத்தும் பார்க்ஸ் கனடா அமைப்பின் ஷட்டில் பஸ், உள்ளூர் ரோம் பஸ், உரிமம் பெற்ற சுற்றுலா வண்டிகள் இவை மட்டும்தான் போகலாம். அந்தச் சாலையும் ஜூன் தொடக்கத்திலிருந்து அக்டோபர் நடு வரைதான் திறந்திருக்கும்.

பனியாறு, லேக் லூயிஸ், மொரெய்ன் மூன்றையும் ஒரே நாளில் காட்டுகிறோம் என்ற விளம்பரங்கள் உண்டு. அப்படிப் போனால் மொரெய்ன் ஏரியில் கற்குவியல் மேல் ஏறி இறங்கக்கூட நேரம் இருக்காது. அந்தக் குவியல் மேலிருந்துதான் பத்துச் சிகரங்களும் ஏரியும் ஒன்றாகத் தெரியும். ஏரிக்கரையில் மட்டும் நின்றால் பாதிக் காட்சிதான்.

மொரெய்னுக்குத் தனியாக அரைநாள் ஒதுக்குங்கள், அதுவும் காலையில். காலை வெயில்தான் அந்தச் சிகரங்களின் முகத்தில் நேராக விழும். பகல் ஏற ஏற வெயில் மலைக்குப் பின்னால் போய், பாறைகள் கறுத்துவிடும்.

4. சுற்றுலா நிறுவனத்திடம் கேட்க வேண்டிய ஐந்து கேள்விகள்

எத்தனை இடம் காட்டுகிறார்கள் என்று எண்ணாதீர்கள். ஒவ்வொரு இடத்திலும் எத்தனை நிமிடம் நிற்கிறார்கள் என்று கேளுங்கள். லேக் லூயிஸில் 60 நிமிடத்துக்கும் பீட்டோவில் 40 நிமிடத்துக்கும் குறைவாகச் சொன்னால் வேறு நிறுவனத்தைப் பாருங்கள்.

இரண்டாவது, பனியாற்று டிக்கெட் கட்டணத்தில் சேர்த்தியா? "பனியாறு பார்ப்போம்" என்று எழுதியிருந்தால், சாலையோரத்திலிருந்து பார்ப்பது என்று மட்டும் அர்த்தமாக இருக்கலாம். மேலே ஏற்றிச் செல்லும் ஐஸ் எக்ஸ்ப்ளோரர் வண்டிக்குத் தனி டிக்கெட். "பனியாற்றின் மேல் இறங்கி நிற்பது உண்டா?" என்று இதே வார்த்தைகளில் கேளுங்கள்.

மூன்றாவது, தேசியப் பூங்கா நுழைவுக் கட்டணம் உள்ளடங்கியதா என்பது. நான்காவது, வண்டியில் எத்தனை இருக்கை. 50 பேர் பஸ்ஸில் ஒவ்வொரு நிறுத்தத்திலும் எல்லாரும் இறங்கி ஏறவே பத்து நிமிடம் போய்விடும். 12 முதல் 24 இருக்கை வண்டி இந்தச் சாலைக்குத் தோதானது.

ஐந்தாவது கேள்வி குழந்தையோடு வருபவர்களுக்கு. ஆல்பர்ட்டாவில் 6 வயதுக்கும் 18 கிலோவுக்கும் குறைந்த குழந்தைகளுக்கு வண்டியில் குழந்தை இருக்கை கட்டாயம். பதிவு செய்யும்போதே சொல்லிவிட்டால் வேனில் வைத்துத் தருவார்கள். காலையில் வாசலில் நின்று கேட்டால் கிடைக்காது.

5. பதிவு செய்யும் வரிசை

முதலில் சுற்றுலா, அடுத்து தங்குமிடம், கடைசியாக மொரெய்ன் ஷட்டில். பலர் ஓட்டலை முதலில் போட்டுவிட்டு, அந்தத் தேதியில் சுற்றுலாவில் இடமில்லாமல் தவிக்கிறார்கள். ஜூலை, ஆகஸ்டுக்கு இரண்டு மூன்று மாதம் முன்பே பதிவு செய்யுங்கள்.

தேதியைப் போடும்போது ஒரு நாள் இடைவெளி விடுங்கள். மூன்று இரவு தங்குகிறீர்கள் என்றால் பனியாற்றுப் பயணத்தை முதல் முழுநாளில் போடுங்கள். மழையாலோ சாலை அடைப்பாலோ அது தள்ளிப்போனால், அடுத்த நாள் கையில் இருக்கும். கடைசி நாளில் வைத்தால் தப்பிக்க வழியே இல்லை.

மொரெய்ன் ஷட்டிலில் ஒரு பகுதி இருக்கைகளை ஏப்ரலில் விடுகிறார்கள். மீதியை, போகும் நாளுக்கு இரண்டு நாள் முன்பு அங்கே காலை 8 மணிக்குத் திறப்பார்கள். கோடையில் அது நம் ஊரிலும் இலங்கையிலும் இரவு 7:30. ஏப்ரலில் தவறவிட்டவர்கள் மனம் தளர வேண்டாம். கணக்கைத் திறந்து, அட்டை விவரம் சேமித்து, 7:25-க்கே இணையத்தில் காத்திருங்கள்.

6. உடையும் பையும்

பான்ஃபில் 24 டிகிரி வெயில் அடிக்கும்போது பனியாற்றின் மேல் 5 டிகிரி இருக்கலாம். மேலே குளிர்ந்த காற்று கனமாகி, பனிச்சரிவில் தண்ணீர் போலக் கீழே வழிந்து வருவதுதான் காரணம். ஜூலையிலும் பனி தூறிய நாட்கள் உண்டு. அரைக்கால்சட்டையோடு இறங்கியவர்கள் ஐந்தே நிமிடத்தில் வண்டிக்குள் திரும்பிவிடுகிறார்கள்.

உள்ளே சீக்கிரம் உலரும் சட்டை, நடுவில் ஸ்வெட்டரோ ஃப்ளீஸோ, மேலே காற்றும் மழையும் புகாத ஜாக்கெட். மூன்று மெல்லிய அடுக்கு, ஒரு தடித்த கோட்டைவிட உபயோகம். வண்டிக்குள் சூடு ஏறும்போது ஒவ்வொன்றாகக் கழற்றலாம். பருத்தியும் ஜீன்ஸும் நனைந்தால் உலராது, உடம்புச் சூட்டை இழுத்துவிடும். புடவைதான் வசதி என்றால், உள்ளே குளிர் தாங்கும் லெக்கிங்ஸும் காலில் ஷூவும் போட்டுக்கொள்ளுங்கள். செருப்பு மட்டும் வேண்டாம். ரப்பர் அடி நன்றாக வரிவரியாக இருக்கும் ஷூ போதும்.

பையில் இவை இருக்கட்டும்: குல்லாய், கையுறை, கறுப்புக் கண்ணாடி, சன்ஸ்கிரீன், ஒரு லிட்டர் தண்ணீர், மதிய உணவு, வாந்தி மாத்திரை, போனுக்கு பவர் பேங்க். கண்ணாடியை மறக்கவே கூடாது. பனிக்கட்டியிலிருந்து வெயில் கீழிருந்தும் அடிக்கும். குடை வேண்டாம், அந்தக் காற்றில் நிற்காது.

சைவம் சாப்பிடுபவர்கள் உணவைக் கையோடு கொண்டுவருவது நல்லது. பனியாற்று மையத்தில் உணவகம் உண்டு. ஆனால் மதியம் வரிசை நீளம், சைவத் தேர்வு குறைவு. புளியோதரை, எலுமிச்சை சாதம், சப்பாத்தி எல்லாம் ஆறினாலும் சாப்பிட நன்றாக இருக்கும். குழம்பு, ரசம் வேண்டாம். வளைவுச் சாலையில் கொட்டும்.

லேக் லூயிஸ் தாண்டினால் பெரும்பாலான தூரத்துக்கு போன் சிக்னல் கிடையாது. டிக்கெட்டையும் வரைபடத்தையும் முந்தின இரவே போனில் இறக்கிக்கொள்ளுங்கள். வீட்டுக்கும் சொல்லிவிடுங்கள், பகல் முழுக்கப் பதில் வராவிட்டால் பயப்பட வேண்டாம் என்று.

7. காலை 7:30: ஏறும்போது இடது பக்கம் உட்காருங்கள்

வடக்கே போகும்போது போ ஏரி, குரோஃபுட் பனியாறு, வாட்டர்ஃபவுல் ஏரிகள், அத்தபாஸ்கா எல்லாமே சாலைக்கு மேற்கே, அதாவது உங்கள் இடது கைப்பக்கம். வலது பக்கம் உட்கார்ந்தால் எதிர் வரிசைக்காரர் தலைதான் தெரியும். பத்து நிமிடம் முன்னால் போய் நின்றாலே இடது ஜன்னல் கிடைத்துவிடும். வாந்தி வருபவர்கள் ஜன்னலை மறந்து முன்வரிசையில் உட்காருங்கள். மாத்திரையைக் கிளம்புவதற்கு அரைமணி நேரம் முன்பே போட்டுவிடுங்கள்.

நேரக் கணக்கு ஏறக்குறைய இப்படி வரும். 8:30 லேக் லூயிஸ், 10:20 போ ஏரி, 10:50 பீட்டோ, 12:50 பனியாற்று மையம், 1:30 பனியாற்று வண்டி, 3:00 திரும்பல், 6 மணிக்குள் பான்ஃப். இதில் நகர்த்த முடியாதது 1:30 டிக்கெட் ஒன்றுதான். காலையில் ஒருவர் பத்து நிமிடம் தாமதித்தால், அது பீட்டோவிலிருந்துதான் கழியும். கைடு நேரம் சொல்லும்போது கடிகாரத்தில் பார்த்து வைத்துக்கொள்ளுங்கள்.

8. லேக் லூயிஸ்: ஓட்டல் வாசலை விட்டு நகருங்கள்

வண்டியிலிருந்து இறங்கியதும் எல்லாரும் ஓட்டலுக்கு முன்னால் நின்று படம் எடுப்பார்கள். அங்கே ஐந்து நிமிடம் போதும். வலது கைப்பக்கம் ஏரியை ஒட்டிச் சமதளமான பாதை போகிறது. மறுகரை வரை ஒருவழி சுமார் 2 கிலோமீட்டர். 20 நிமிடம் நடந்து திரும்பினால் கூட்டம் பின்னால் போய்விடும். எதிரே விக்டோரியா பனியாறு இன்னும் கிட்டத்தில் தெரியும்.

காற்று எழுவதற்கு முன் மலை நீரில் தலைகீழாகத் தெரியும். நேரம் ஏற ஏறப் படகுகள் இறங்கி நீர் கலையும். அதனால்தான் இந்த ஏரி முதலில்.

கிளம்புவதற்கு முன் இங்கேயே கழிப்பறைக்குப் போய்விடுங்கள். அடுத்த இரண்டு நிறுத்தங்களில் தண்ணீர் இல்லாத குழிக் கழிப்பறைதான். கை கழுவ சானிடைசர் வைத்திருங்கள்.

9. போ ஏரியும் பீட்டோவும்

போ ஏரியில் 20 நிமிடம்தான். கரையிலேயே வண்டி நிற்கும். நீரைத் தொட்டுப் பார்க்க இந்த நாளில் இதுதான் சரியான இடம், கரை தாழ்வாக இருப்பதால். கற்கள் பாசி பிடித்து வழுக்கும். குழந்தையின் கையை விடாதீர்கள். கூழாங்கல் அழகாக இருக்கிறதென்று பையில் போடக்கூடாது. தேசியப் பூங்காவில் கல், பூ, கொம்பு எதையும் எடுத்துப்போவது குற்றம். டிரோன் பறக்கவிடுவதற்கும் தடை உண்டு.

பீட்டோ ஏரியை மேலிருந்துதான் பார்க்கிறோம். காட்சிமேடைக்கு இரண்டு வண்டி நிறுத்தங்கள் உண்டு. சொந்தக் காரில் வருபவர்கள் கீழ் நிறுத்தத்திலிருந்து 10 முதல் 15 நிமிடம் செங்குத்தாக ஏற வேண்டும். சுற்றுலா பஸ்களுக்கும் மாற்றுத்திறனாளி அட்டை உள்ள வண்டிகளுக்கும் மேல் நிறுத்தம். அங்கிருந்து பாதை கிட்டத்தட்டச் சமம். அப்பா அம்மாவை அழைத்துவருபவர்கள் கைடு சுற்றுலாவில் வருவதற்கு இந்த ஒரு காரணமே போதும். உங்கள் வண்டி எந்த நிறுத்தத்துக்குப் போகிறது என்று மட்டும் முன்கூட்டியே கேட்டுவிடுங்கள்.

மேடைக்கு வந்ததும் முன்வரிசைக் கம்பியில் இடம் கிடைக்க இரண்டு நிமிடம் பொறுங்கள். ஏரி ஓநாய் முகம் போல விரிந்திருக்கும். இடது பக்கம் பாருங்கள். உருகுநீர் சாம்பல் நிறத்தில் விரல் விரலாகப் பிரிந்து வந்து ஏரியில் நுழைவது தெளிவாகத் தெரியும். வரும் இடத்தில் அழுக்கு வெள்ளை. தள்ளிப் போகப் போகக் கனமான மணல் படிந்து, நைசான தூள் மட்டும் மிஞ்சி, பச்சையாகி நீலமாகிறது. முதல் படியில் சொன்ன கணக்கு முழுவதும் ஒரே பார்வையில் இங்கே விரிந்து கிடக்கிறது. வெயில் நன்றாக மேலே ஏறிய பிறகுதான் இந்த நிறம் எடுப்பாகத் தெரியும். ஆகவே இங்கே 11 மணிக்கு வருவதுதான் சரி.

கம்பியைத் தாண்டிப் பாறையில் உட்கார்ந்து படம் எடுப்பவர்களைப் பார்ப்பீர்கள். செய்யாதீர்கள். பாறை உதிரி, கீழே நேர் சரிவு.

10. பனியாறு

பீட்டோ காட்சிமேடை இருக்கும் போ சம்மிட்டிலிருந்து பனியாற்று மையத்துக்கு ஒன்றேகால் மணி நேரம். நடுவில் சஸ்காட்சுவான் கிராசிங்கில் மட்டும் பெட்ரோலும் கடையும் உண்டு.

மையத்தில் இறங்கியவுடன் சாப்பிட ஓடாதீர்கள். முதலில் டிக்கெட்டைச் சரிபார்த்து, ஏறும் நேரத்தை உறுதி செய்துவிட்டுப் பிறகு சாப்பிடுங்கள். அடுத்து கழிப்பறை. பனிக்கட்டி மேல் கழிப்பறை கிடையாது. போய்த் திரும்ப ஒன்றரை மணி நேரம் ஆகும். இதை மறந்து தவித்த பெரியவர்கள் நிறையப் பேர்.

ஏற்றம் இரண்டு கட்டமாக நடக்கும். சாதாரண பஸ் சாலையைக் கடந்து பக்கவாட்டு மண்மேட்டில் ஏறும். அங்கே ஐஸ் எக்ஸ்ப்ளோரருக்கு மாறுவீர்கள். ஆள் உயரத்தைத் தொடும் சக்கரங்கள் உள்ள வண்டி. பனிக்கட்டிக்கு இறங்கும் சரிவு மிகவும் செங்குத்து, 32 சதவீதம். முன்னால் சாய்ந்தது போலத் தோன்றும். இடுப்புப் பட்டையை இறங்கச் சொல்லும் வரை கழற்ற வேண்டாம்.

பனிமேல் 20 முதல் 30 நிமிடம் கிடைக்கும். காலை முழுப் பாதமாக வையுங்கள், குதிகாலை முதலில் ஊன்றினால் வழுக்கும். மேற்பரப்பு பொடித்த சர்க்கரை போல வெள்ளையாக நொறுங்கும். அதன் நடுவே கையகல ஓடைகள் வழவழவென்று ஓடும். அந்த ஓடைகளின் சுவர்தான் நீலம். குனிந்து பாருங்கள், படத்தில் அது சரியாக விழாது.

கயிறோ கூம்போ வைத்த எல்லையைத் தாண்டவே கூடாது. பனியாற்றில் ஆழமான வெடிப்புகள் உண்டு; மேலே மெல்லிய பனி மூடியிருந்தால் கண்ணுக்குத் தெரியாது. கீழே விழுந்தவரைக் குளிர் சீக்கிரம் கொன்றுவிடும். இந்தப் பனியாற்றில் அப்படி உயிர்கள் போயிருக்கின்றன. எல்லைக்குள் இருக்கும் இடம் தினமும் சோதித்து ஒழுங்குபடுத்தியது, வெளியே அப்படியில்லை. நீண்ட தூரம் பனிமேல் நடக்க ஆசை இருந்தால், காலில் முள்ளிரும்பு மாட்டி அழைத்துப்போகும் கைடு நடையைத் தனியாகப் பதிவு செய்யுங்கள்.

இன்னும் நேரம் இருந்தால், சாலைக்கு அப்பால் பனியாற்றின் நுனி நோக்கிப் போகும் நடைபாதையில் கொஞ்சம் போங்கள். எந்த ஆண்டில் பனி எதுவரை இருந்தது என்று பலகைகள் நட்டிருக்கிறார்கள். 1844-க்குப் பிறகு 1.5 கிலோமீட்டருக்கு மேல் பின்வாங்கியிருக்கிறது. பலகைக்குப் பலகை கூழாங்கல்லில் நடந்து போகும்போது, நீங்கள் பிறந்த வருடத்தில் பனி நின்ற இடம் எது என்று கண்டுபிடித்து நில்லுங்கள். குழந்தைகளுக்கு எந்த விளக்கத்தையும்விட இது நன்றாகப் புரியும்.

ஸ்கைவாக் என்னும் கண்ணாடித் தரை மேடையைப் பலர் சேர்த்து வாங்குகிறார்கள். 280 மீட்டர் உயரத்தில் நிற்கலாம். ஒருநாள் பயணத்தில் அது பனியாற்று நேரத்தையோ பீட்டோ நேரத்தையோ தின்றுவிடும். இரண்டில் ஒன்று என்றால் பனியாற்றை எடுங்கள்.

11. திட்டம் மாறும் நாட்கள்

மேகம் மூடினால் கலங்க வேண்டாம். மேகமிருந்தாலும் நிறம் தெரியும், கொஞ்சம் மங்கலாக. சுற்றுலாக்கள் மழைக்காக நிற்காது. ஆகவே "மழை பெய்தால் பணம் திரும்ப வருமா" என்பதைவிட, "பனியாற்று வண்டி ஓடாவிட்டால் என்ன தருவீர்கள்" என்று கேட்டு வைத்துக்கொள்வது உபயோகம்.

புகைதான் பெரிய தொல்லை. ஆஸ்துமா உள்ளவர்கள் இன்ஹேலரைக் கைப்பையிலேயே வைத்திருங்கள். காற்றுத் தர எண்ணை முந்தின மாலை பார்த்து, மிக மோசமென்றால் நிறுவனத்துக்கு அப்போதே போன் செய்து தேதியை மாற்றக் கேளுங்கள். காலையில் வண்டி வந்தபின் கேட்டால் பெரும்பாலும் மாற்றித் தரமாட்டார்கள். சாலை அடைப்பைத் தெரிந்துகொள்ள 511 ஆல்பர்ட்டா தளம் இருக்கிறது.

12. திரும்பும் வழியில்

மாலை 4 மணிக்கு மேல் கரடிகளும் எல்க் மான்களும் சாலையோரம் வரும். கைடு வண்டியை மெதுவாக்கினால் ஜன்னல் வழியே பாருங்கள், இறக்கிவிடச் சொல்லாதீர்கள். கரடிக்கு 100 மீட்டர், மானுக்கு 30 மீட்டர் தள்ளி நிற்க வேண்டும் என்பது பூங்கா விதி. மீந்த சப்பாத்தியை அணிலுக்குப் போடுவதும் தண்டனைக்குரியது. மனிதச் சாப்பாட்டுக்குப் பழகிய விலங்கு சாலைக்கு வந்து வண்டியில் அடிபடும். கரடியாக இருந்தால் கடைசியில் சுட்டுவிட வேண்டிய நிலை வரும்.

இப்போது காட்சிகள் வலது பக்கம். காலையில் அந்தப் பக்கம் உட்கார்ந்தவர்களுக்கு ஜன்னல் கிடைக்கும். இடம் மாறச் சொல்லிக் கேட்காமல் அவர்களை நிம்மதியாகப் பார்க்கவிடுங்கள். இறங்கும்போது கைடுக்கு 15 சதவீதம் அளவில் டிப்ஸ் கொடுப்பது அங்கே வழக்கம். சின்ன நோட்டுகளாகக் காலையிலேயே மாற்றி வைத்திருங்கள். இருக்கைக்கு அடியிலும் ஜன்னல் ஓரத்திலும் கையுறை, சார்ஜர் கிடக்கிறதா என்று ஒருமுறை பார்த்துவிட்டு இறங்குங்கள்.